பதினான்கு சீருடைகள்: பேஸ்பாலில் அணி மாறும் வீரர்கள் பற்றிய கேள்விகளும் பதில்களும்

அமெரிக்க பேஸ்பாலில் ஓர் அணியில் நிலைக்காமல், ஊர் ஊராக மாறியபடியே பத்துப் பதினைந்து ஆண்டுகள் ஆடிவிடும் வீரர்களைப் பற்றிக் கேள்விகள் அனுப்பச் சொல்லியிருந்தேன். வந்தவற்றில் பெரும்பாலானவை எட்வின் ஜாக்சனைச் சுற்றியே இருந்தன. எனக்கும் அவரைப் பற்றிப் பேசத்தான் ஆசை.

கேள்வி: மேஜர் லீக்கில் மிக அதிக அணிகளுக்கு ஆடியவர் யார் ஐயா?

பிட்சர், அதாவது பந்தெறிபவர், எட்வின் ஜாக்சன். 2003 முதல் 2019 வரை 14 அணிகள். அமெரிக்க பேஸ்பாலின் உயர்மட்டப் போட்டியான மேஜர் லீக்கில் மொத்தம் இருப்பதே 30 அணிகள்தான் என்பதை நினைத்துப் பாருங்கள். 2025 ஜூலையில் ரிச் ஹில் என்ற இடக்கை பிட்சர் கான்சஸ் சிட்டி ராயல்ஸுக்காக 45 வயதில் களமிறங்கி அந்தச் சாதனையைச் சமன் செய்தார். அதற்கு முன் 13 அணிகளுடன் சாதனையை வைத்திருந்தவர் ஆக்டேவியோ டோடெல்.

கேள்வி: பதினான்கு அணிகள் ஒருவரைக் கைவிட்டன என்றால் திறமை போதவில்லை என்றுதானே பொருள்? இதைப் பெருமையாகப் பேசுவது ஏன்?

இப்படித்தான் பலரும் நினைக்கிறார்கள். நான் இதை முழுமையாக மறுக்கிறேன். அணிகள் அவரை விட்டதை எண்ணுகிறீர்கள், பதினான்கு அணிகள் அவரைத் தேடி எடுத்ததை ஏன் எண்ணவில்லை?

ஜாக்சன் தன் முதல் ஆட்டத்தை 2003 செப்டம்பர் 9 அன்று, தன் இருபதாவது பிறந்தநாளில் ஆடினார். எதிரே அரிசோனாவின் ராண்டி ஜான்சன், அந்தக் காலத்தின் மிகப் பெரிய பிட்சர்களில் ஒருவர். ஆறு இன்னிங்ஸில் ஒரே ஒரு ரன் கொடுத்து, லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸுக்கு வெற்றி தேடித் தந்தார். 2009இல் டெட்ராய்ட் டைகர்ஸுக்கு ஆடியபோது சிறந்த வீரர்கள் மட்டும் ஆடும் ஆல்ஸ்டார் ஆட்டத்துக்குத் தேர்வானார். அந்த ஆண்டு முடிந்ததும் டெட்ராய்ட் அவரை அனுப்பிவிட்டது. எதற்காக? மூன்று அணிகள் சேர்ந்து செய்துகொண்ட பரிமாற்றம் அது. அதில் டெட்ராய்டுக்குக் கிடைத்தவர்களில் ஒருவர் மேக்ஸ் ஷெர்சர். பின்னாளில், ஆண்டின் சிறந்த பிட்சருக்கான சை யங் விருதை மூன்று முறை வென்றவர். ஜாக்சன் போன்ற ஒருவரைக் கொடுத்தால்தான் அப்படிப்பட்ட இளைஞரைப் பெற முடிந்தது. மதிப்பில்லாத சரக்கை யாரும் மாற்றிக்கொள்ள மாட்டார்கள்.

கேள்வி: அவருடைய மிகச் சிறந்த ஆட்டம் எது?

2010 ஜூன் 25, டாம்பா பே ரேஸ் அணிக்கு எதிராக, அவர்களுடைய சொந்த மைதானத்தில். ஜாக்சன் அப்போது அரிசோனா டைமண்ட்பேக்ஸின் பிட்சர், ரேஸோ அவருடைய பழைய அணி. அன்று எதிரணிக்கு ஒரு ஹிட் கூட, அதாவது பந்தை அடித்து பேஸ் என்ற ஓட்ட நிலையத்தை எட்டும் அடி ஒன்று கூட, கொடுக்காமல் ஒன்பது இன்னிங்ஸையும் முடித்தார்.

கேட்கும்போது சுத்தமான ஆட்டம் போலத் தோன்றும். உண்மையில் அது பெரும் போராட்டம். முதல் மூன்று இன்னிங்ஸில் மட்டும் ஏழு பேரை வாக் கொடுத்து இலவசமாக பேஸுக்கு அனுப்பினார். மூன்றாவது இன்னிங்ஸில் மூன்று பேஸிலும் ஆள், ஒருவர்கூட அவுட் இல்லை. அங்கிருந்து ரன் கொடுக்காமல் மீண்டார். அரிசோனா எடுத்திருந்ததோ ஆடம் லாரோச் பந்தை எல்லைக்கு வெளியே அடித்த ஹோம் ரன் மூலம் வந்த ஒரே ஒரு ரன். ஒரு தவறு நடந்தாலும் ஆட்டம் கைநழுவியிருக்கும். நூறு பந்துகளைத் தாண்டினாலே பயிற்சியாளர்கள் பிட்சரை வெளியே எடுக்க யோசிப்பார்கள். ஜாக்சன் அன்று எறிந்தது 149. முடிவு 1-0.

ஐந்து வாரம் கழித்து அவரைச் சிகாகோ வொயிட் சாக்ஸுக்கு அனுப்பிவிட்டார்கள்.

கேள்வி: ஒரே நாளில் இரண்டு முறை அணி மாறினார் என்கிறார்களே, உண்மையா?

உண்மை. 2011 ஜூலை 27. வொயிட் சாக்ஸ் அவரை டொராண்டோ ப்ளூ ஜேஸுக்குக் கொடுத்தது. அதே நாளில் டொராண்டோ அவரைச் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸுக்குக் கொடுத்துவிட்டது. டொராண்டோவின் சீருடையை அவர் போடவே இல்லை. அதனால் அந்த அணி அப்போது கணக்கில் சேரவில்லை. எட்டு ஆண்டு கழித்து, 2019 மே மாதம், அதே டொராண்டோதான் அவருடைய பதினான்காவது அணியானது!

இன்னொன்றும் உண்டு. அன்று டொராண்டோவிலிருந்து அவருடன் செயின்ட் லூயிஸ் போனவர்களில் ஆக்டேவியோ டோடெலும் ஒருவர். இருவரும் அந்த ஆண்டே கார்டினல்ஸுடன், மேஜர் லீக்கின் இறுதித் தொடரான உலகத் தொடரை வென்றார்கள்.

கேள்வி: நம் ஐ.பி.எல். வீரர்களும் மாறிக்கொண்டுதானே இருக்கிறார்கள்? ஆரோன் ஃபின்ச் ஒன்பது அணிகளுக்கு ஆடியிருக்கிறாரே.

ஐ.பி.எல். ஏலத்துக்கு வீரர் தானே பெயர் கொடுக்கிறார், பருவமும் இரண்டு மாதம்தான். பேஸ்பாலில் ஒரு பருவத்துக்கு 162 ஆட்டங்கள், நடுவில் எந்த நாளும் தொலைபேசி வரலாம். பொதுவாக வீரரின் சம்மதத்தைக் கேட்பதில்லை. குடும்பம், பிள்ளைகளின் பள்ளி, வீட்டு வாடகை எல்லாம் அவர் பாடு. பத்தாண்டு மேஜர் லீக் அனுபவமும், அதில் கடைசி ஐந்தாண்டு ஒரே அணியிலும் இருந்தவருக்குத்தான் பரிமாற்றத்தைத் தடுக்கும் உரிமை தானாகக் கிடைக்கும். ஜாக்சனுக்குப் பத்தாண்டு இருந்தது, ஐந்து அமையவே இல்லை. அதாவது, அடிக்கடி இடம் மாற்றப்படுகிறவருக்குத்தான் அந்தப் பாதுகாப்பு எட்டாமல் போகிறது. இது எனக்கு நியாயமாகப் படவில்லை.

கேள்வி: 'டிஎஃப்ஏ' என்று செய்திகளில் வருகிறதே, அது என்ன?

ஒவ்வோர் அணிக்கும் 40 பேர் கொண்ட பட்டியல் உண்டு. அதிலிருந்து ஒருவரை நீக்கும் அறிவிப்புதான் அது. ஏழு நாளுக்குள் அவரை வேறு அணிக்கு மாற்ற வேண்டும், அல்லது மற்ற அணிகள் எடுத்துக்கொள்ளட்டும் என்று விட வேண்டும், அல்லது விடுவிக்க வேண்டும். யாரும் எடுக்காவிட்டால் கீழ்நிலைப் போட்டியான மைனர் லீக்குக்கு அனுப்பலாம். போதிய அனுபவம் உள்ள வீரர் அதை மறுத்து வெளியேறலாம். அந்த ஏழு நாளும் வீரருக்கு அடுத்த வாரம் எந்த ஊர் என்று தெரியாது.

கேள்வி: பணம் எப்படி? கஷ்டப்படுவார்களா?

மேஜர் லீக்கில் இருக்கும்வரை கஷ்டமில்லை. 2025இல் குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளமே 7,60,000 டாலர். சிகாகோ கப்ஸ் ஜாக்சனுக்கு நான்கு ஆண்டுக்கு 5.2 கோடி டாலர் ஒப்பந்தம் கொடுத்தது. முதல் ஆண்டிலேயே பிட்சராக அவர் கணக்கில் பதிவானது 8 வெற்றி, 18 தோல்வி. 2015இல் விடுவித்துவிட்டார்கள், ஆனாலும் ஒப்பந்தப் பணத்தைக் கொடுத்தே தீர வேண்டியிருந்தது. பேஸ்பால் ஒப்பந்தங்களின் வலிமை அது.

மைனர் லீக் வேறு உலகம். 2022இல் அந்த வீரர்கள் தொழிற்சங்கத்தில் சேர்ந்தார்கள், 2023இல் முதல் ஒப்பந்தம் வந்தது. அதில்கூட, மேஜர் லீக்குக்கு ஒரு படி கீழே இருக்கும் டிரிபிள் ஏ வீரருக்குக் குறைந்தபட்சம் ஆண்டுக்கு 35,800 டாலர்தான். முன்பு இதைவிட மிகக் குறைவு. மேஜர் லீக்கில் 43 நாள் இருந்துவிட்டால் ஓய்வூதியத்தில் ஒரு பங்கு உண்டு. முப்பது வயதுக்கு மேலும் சிலர் பஸ்ஸில் ஊர் ஊராகப் போய் ஆடுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

கேள்வி: வயதான பின் திரும்பி வந்தவர்கள் உண்டா?

ரிச் ஹில்லைவிட நல்ல உதாரணம் இல்லை. 2015இல், 35 வயதில், எந்த மேஜர் லீக் அணியோடும் சேராத லாங் ஐலண்ட் டக்ஸ் என்ற அணியில் ஆடிக்கொண்டிருந்தார். அந்த செப்டம்பரில் பாஸ்டன் கூப்பிட்டது. அடுத்த ஆண்டின் முடிவில் டாட்ஜர்ஸுடன் மூன்று ஆண்டுக்கு 4.8 கோடி டாலர் ஒப்பந்தம்! வளைந்து விழும் அவருடைய கர்வ் பந்து அப்படிப்பட்டது.

ஜாக்சனையும் சொல்ல வேண்டும். 2018இல் ஓக்லாந்து அத்லெடிக்ஸின் பிட்சர்கள் வரிசையாகக் காயமடைந்தபோது மைனர் லீக்கிலிருந்து வந்து 17 ஆட்டங்களில் தொடக்க பிட்சராக இறங்கினார். 6 வெற்றி, 3 தோல்வி. ஓக்லாந்து அந்த ஆண்டு பிளே ஆஃப் என்ற நாக்அவுட் கட்டத்துக்குப் போனது. மொத்தக் கணக்கில் அவருக்கு 107 வெற்றி, 133 தோல்வி. இந்த எண்ணை மட்டும் பார்ப்பவருக்கு அந்தக் கோடைக்காலம் கண்ணில் படாது.

கேள்வி: ஐயா, என் அக்கா மகன் டெக்சாஸில் பள்ளியில் பேஸ்பால் ஆடுகிறான். நன்றாக எறிகிறான் என்கிறார்கள். தொழிலாக எடுக்கலாமா?

ஆடட்டும் அம்மா, தடுக்காதீர்கள். ஆனால் அணிகள் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்க ஆண்டுதோறும் நடக்கும் டிராஃப்டில் 20 சுற்றுகளில் சுமார் 600 பேரை எடுக்கிறார்கள். அவர்களில் பெரும்பாலோர் மேஜர் லீக்கை எட்டுவதில்லை. கல்லூரி உதவித்தொகை கிடைத்தால் அந்த வழியை முதலில் யோசியுங்கள், அங்கிருந்தும் டிராஃப்டுக்குப் போகலாம். பள்ளி முடிந்த உடனே ஓர் அணி கையெழுத்துக் கேட்டால், பின்னாளில் அவன் படிக்கும் கல்லூரிச் செலவை அணி ஏற்கும் பிரிவை ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். வாய்வார்த்தை போதாது. எத்தனை பருவத்துக்கு, எவ்வளவு தொகை, எப்போதுக்குள் கல்லூரியில் சேர வேண்டும் என்ற மூன்றையும் பார்த்த பிறகே கையெழுத்துப் போடச் சொல்லுங்கள்.