ஆறு மாசத்துல அஞ்சு அட்டெண்டர் போயிட்டாங்க, நான் வேலைய விடணுமா?

கேள்வி: அக்கா, எங்கம்மாவுக்கு 77 வயசு. போன ஐப்பசியில ஸ்ட்ரோக் வந்து வலது கை கால் வராம போச்சு, பேச்சும் குழறுது, டயப்பர்தான். மன்னார்குடி வீட்டைப் பூட்டிட்டு சென்னைக்கு என்கிட்ட கூட்டிட்டு வந்துட்டேன். நான் பேங்க்ல வேலை பாக்கறேன், வீட்டுக்காரருக்கு ஷிப்ட், பொண்ணு பிளஸ் டூ. ஏஜென்சி மூலமா 24 மணி நேர அட்டெண்டர் வெச்சிருக்கோம், மாசம் 24,000. ஆறு மாசத்துல அஞ்சு பேர் மாறியாச்சு. கடைசியா வந்த பொண்ணு விடியக்காலையில சொல்லாம கொள்ளாம பைய எடுத்துட்டு போயிடுச்சு. அது பாத்த 11 நாளுக்கு சம்பளம் குடுக்க வேண்டாம்னு ஏஜென்சி சொல்லுது. அம்மா பழைய காலத்து ஆள், அதனால அட்டெண்டருங்களுக்கு தனி தட்டு தனி டம்ளர்னு வெச்சிருக்கோம், அதைத் தவிர ஒரு குறையும் வெக்கல. துபாய்ல இருக்கற அண்ணன் நீ வேலைய விட்டுடு, பணம் நான் அனுப்பறேன்னு சொல்றான். சொந்தக்காரங்க பெத்த தாயை கூலிக்கு ஆள் வெச்சு பாக்கறியான்னு கேக்கறாங்க. ஹோம்ல விடலாமான்னு கூட யோசிக்கிறேன், நினைச்சாலே அழுகை வருது. என்ன பண்ணட்டும்?
- பெயர் வேண்டாம், சென்னை

பதில்: உங்க கடிதத்தை ரெண்டு தடவை படிச்சேம்மா. முதல் தடவை உங்களுக்காக மனசு கனத்துச்சு, ரெண்டாவது தடவை அந்த தனி டம்ளர்ல நின்னுட்டேன். அதுலருந்தே ஆரம்பிக்கறேன், கோவிச்சுக்காதீங்க.

அம்மாவுக்கு மலம் கழுவி, வாய் துடைச்சு, தூக்கி உக்கார வெச்சு சோறு ஊட்டற கை அந்தப் பொண்ணோடது. அந்தக் கை தொட்ட டம்ளர் மட்டும் தனியா இருக்கணும்னா அந்தப் பொண்ணு மனசுல என்ன ஓடும்? சம்பளம் பத்தலைன்னா கேட்டு வாங்கிக்கலாம், இதை யார்கிட்ட போய் கேக்கறது? அம்மா பழைய காலத்து ஆள்னு எழுதியிருக்கீங்க, சரி, 77 வயசுல அவங்களை மாத்த முடியாம இருக்கலாம், ஆனா அலமாரியில தட்டு எடுத்து வெக்கறது நீங்கதானே. அம்மா ஏதாவது சொன்னா அந்தப் பொண்ணு முன்னாடியே "அம்மா, அப்படி பேசக்கூடாது"ன்னு சொல்லுங்க. அம்மா கேக்கலைன்னாலும் பரவால்ல, அந்தப் பொண்ணு காதுல விழணும்.

அடுத்தது தூக்கம். 24 மணி நேர அட்டெண்டர்னு ஏஜென்சிக்காரங்க ஈஸியா சொல்லிடுவாங்க, ஆனா அப்படி ஒரு மனுஷி கிடையாதும்மா. படுக்கையில இருக்கறவங்களை ரெண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை புரட்டிப் படுக்க வெக்கணும், ராத்திரியிலயும்தான், நடுவுல டயப்பர், நடுவுல தண்ணி கேப்பாங்க, நடுவுல காரணமே இல்லாம கூப்பிடுவாங்க. பகல்லயும் அவதான், ராத்திரியிலயும் அவதான்னா எத்தனை நாள் தாங்குவா? விடியக்காலையில பைய எடுத்துட்டு போனது திமிர் இல்ல, உடம்பு விட்டுப் போச்சு.

இதை நான் பட்டுதான் தெரிஞ்சுக்கிட்டேன். என் மாமியார் 14 மாசம் படுக்கையில இருந்தாங்க. மொத ரெண்டு அட்டெண்டர் நிக்கல, எனக்கு உங்களை மாதிரியே கோவம்தான் வந்துச்சு, என்ன ஜனங்கன்னு திட்டினேன். மூணாவதா செஞ்சிப் பக்கத்துலருந்து ஒரு அம்மா வந்தாங்க. மூணாவது வாரம் ஒரு நாள் காலையில மாமியாருக்கு கஞ்சி ஊட்டிட்டு இருக்கும்போதே கையில ஸ்பூனோட உக்காந்தபடி தூங்கிட்டாங்க, கஞ்சி மாமியார் வாயில அப்படியே நிக்குது. புரை ஏறியிருந்தா என்ன ஆகியிருக்கும்னு இன்னைக்கு நினைச்சாலும் நெஞ்சு படபடங்குது. அன்னைக்கு ராத்திரியே நானும் வீட்டுக்காரரும் உக்காந்து பேசி பத்து மணியிலருந்து ஒரு மணி வரைக்கும் அவர், ஒண்ணுலருந்து நாலு வரைக்கும் நான்னு பிரிச்சுக்கிட்டோம், அந்தம்மாவுக்கு பக்கத்து ரூம்ல கட்டில் போட்டு கதவை சாத்தித் தூங்கச் சொன்னோம், ஞாயித்துக்கிழமை முழுசா லீவ். அவங்க கடைசி வரைக்கும் இருந்தாங்க. மாமியார் முதுகுக்குக் கீழ வால் எலும்பு மேல லேசா சிவந்திருக்கறதை மொதல்ல பாத்தது அந்த செஞ்சிக்காரம்மாதான், "அழுத்தினா வெள்ளையாகல பாருங்க, இது புண்ணாகப் போகுது"ன்னு எனக்குக் காட்டினாங்க. ஏர் பெட் வாங்கினோம், குதிகாலுக்குக் கீழ காத்து போற மாதிரி கெண்டைக்கால்ல தலைகாணி வெச்சோம், புண்ணாகாம ஆறிடுச்சு. தூங்கி எந்திரிச்ச கண்ணுக்குதான் இதெல்லாம் தெரியும்.

இப்போ உங்க அண்ணன் விஷயம். பணம் அனுப்பறேன்னு சொல்றவர் அந்தப் பணத்தை உங்க சம்பளத்துக்கு பதிலா அனுப்ப வேண்டாம், ராத்திரி ஷிப்டுக்கு இன்னொரு ஆளுக்கு அனுப்பட்டும். பகல் 12 மணி நேரம் ஒருத்தர், ராத்திரி 12 மணி நேரம் ஒருத்தர்னு வெச்சா இப்ப ஆகறதை விட கூடத்தான் ஆகும், அந்தக் கூடுதல் அவர் பங்கு. வருஷத்துல ரெண்டு தடவையாவது பத்து நாள் வந்து அம்மா கட்டில் பக்கத்துல அவரே படுக்கட்டும், அது பணத்தை விடப் பெருசு. வேலைய மட்டும் விடாதீங்க. ஸ்ட்ரோக்ல படுத்தவங்க பல வருஷம் இருப்பாங்க, இருக்கணும், அதுவரைக்கும் உங்க பிஎப், பொண்ணு காலேஜ், உங்க வயசான காலம் எல்லாம் யார் பாக்கறது? மகள்னா வேலைய விட்டுடலாம், மகன்னா பணம் அனுப்பினா போதும்னு ஒரு கணக்கு நம்ம வீடுகள்ல ஓடிட்டே இருக்கு, அதுக்கு நீங்க தலைய ஆட்ட வேண்டாம். கூலிக்கு ஆள் வெச்சு பாக்கறியான்னு கேக்கற சொந்தக்காரங்களை அடுத்த சனிக்கிழமை ராத்திரி வந்து படுக்கச் சொல்லுங்க, யார் வர்றாங்கன்னு பாருங்க. 2011 சென்சஸ்லயே தமிழ்நாட்டுல நூறுல பத்து பேருக்கு மேல 60 வயசு தாண்டினவங்க, இப்போ இன்னும் கூடியிருக்கு, வீட்டுல இருக்கற பொம்பளைங்க மட்டும் தோள் குடுத்து தாங்கற காலம் போயிடுச்சு. காசு குடுத்து பயிற்சி உள்ளவங்களை வெக்கறதுல ஒரு பாவமும் இல்ல.

பயிற்சின்னு சொன்னேன்ல, அங்கதான் ஏஜென்சிங்க ஏமாத்தறது. வெள்ளைக் கோட்டு போட்டு அனுப்பிட்டு நர்ஸ்னு சொல்லிடுவாங்க. நர்ஸ்னா ஜிஎன்எம்ங்கற நர்சிங் டிப்ளமோ இல்லன்னா பி.எஸ்சி நர்சிங் படிச்சு தமிழ்நாடு நர்ஸ் கவுன்சில்ல பதிவு பண்ணியிருக்கணும், அந்த சர்டிபிகேட்டைக் கேளுங்க. ஊசி, மூக்கு வழியா டியூப் போடறது, யூரின் டியூப் மாத்தறதெல்லாம் அவங்க மட்டும்தான் செய்யணும். உங்கம்மாவுக்கு இப்போ தேவை நர்ஸ் இல்ல, நல்ல அட்டெண்டர்தான், ஆனா அவங்களுக்கு ஸ்ட்ரோக் பேஷண்ட்டைத் தூக்கத் தெரியணும். வராத கையைப் பிடிச்சு இழுத்துத் தூக்கக்கூடாது, தோள்பட்டை இறங்கிடும், இது எத்தனை பேருக்குத் தெரியாதுன்னு பாத்தா கஷ்டமா இருக்கு. சாப்பிடும்போது நிமிர்ந்து உக்காரணும், சாப்பிட்டு அரை மணி நேரம் படுக்க வெக்கக்கூடாது. தண்ணி குடிக்கும்போது இருமல் வருதா பாருங்க, வந்தா உடனே டாக்டர்கிட்ட சொல்லுங்க, நெஞ்சுக்குள்ள போனா நிமோனியா. திடீர்னு ஒரு நாள் அம்மா சம்பந்தமில்லாம பேசினாலோ ரொம்ப மந்தமா ஆனாலோ வயசாயிடுச்சுன்னு விட்டுடாதீங்க, வயசானவங்களுக்கு யூரின் இன்பெக்‌ஷன் அப்படியும் காட்டும், டாக்டர்கிட்ட காட்டுங்க. ஆனா வாய் கோணினாலோ இன்னொரு பக்க கை கால் தளர்ந்தாலோ யோசிக்காம 108க்கு போன் பண்ணுங்க, அது மறுபடி ஸ்ட்ரோக்கா இருக்கலாம்.

பிசியோ நடக்குதான்னு நீங்க எழுதவே இல்ல. ஸ்ட்ரோக் வந்து மொத ஆறு மாசத்துலதான் கை கால் அதிகமா திரும்பும், அதுக்கப்புறமும் மெதுவா வரும், விட்டுடாதீங்க. உங்க ஏரியா ஆரம்ப சுகாதார நிலையத்துல போய் மக்களைத் தேடி மருத்துவம்னு கேளுங்க, 2021 ஆகஸ்ட்லருந்து நடக்கற திட்டம், பிபி சுகர் மாத்திரை வீட்டுக்கே வரும், பிசியோதெரபியும் படுக்கையில இருக்கறவங்களுக்கான வலி நிவாரண சிகிச்சையும் வீட்டுலயே குடுக்கறாங்க. கிண்டியில 2024 பிப்ரவரியில திறந்த தேசிய முதியோர் நல மருத்துவமனை இருக்கு, 200 படுக்கை, வயசானவங்களுக்குன்னே இருக்கற டாக்டருங்க, ஒரு தடவை அம்மாவை முழுசா காட்டிட்டு வாங்க. முதியோர் மருத்துவத்துக்குன்னு தனிப் பிரிவை 1978ல டாக்டர் வி.எஸ்.நடராஜன் ஆரம்பிச்சது நம்ம சென்னை ஜிஎச்லதான், ஊருக்குள்ளயே இவ்வளவு இருந்தும் நாம கேக்காமலே இருந்துடறோம். எங்க போறதுன்னு குழப்பமா இருந்தா 14567, முதியோர் ஹெல்ப்லைன், காசு கிடையாது.

ஹோம் பத்தி. ரெண்டு ஷிப்ட் வெச்சும் முடியலைன்னா தாராளமா விடுங்க, அழ வேண்டாம். ஆனா நிறைய முதியோர் இல்லத்துல தானா நடமாடறவங்களை மட்டும்தான் சேப்பாங்க, படுக்கையில இருக்கறவங்களை எடுப்பீங்களான்னு மொதல்ல அதைக் கேளுங்க. அரசுகிட்ட பதிவு பண்ணியிருக்காங்களான்னு கேளுங்க. அப்புறம் சொல்லாம ஒரு நாள் ராத்திரி சாப்பாட்டு நேரத்துக்குப் போங்க, யார் ஊட்டறாங்க, எத்தனை பேருக்கு ஒருத்தர்னு பாருங்க, அங்க இருக்கற ஒரு பாட்டியோட குதிகால்ல படுக்கைப் புண் இருக்கான்னு பாருங்க. எப்ப வேணா வந்து பாக்கலாமான்னு கேட்டு அவங்க நேரம் சொல்லிட்டா திரும்பி வந்துடுங்க.

புது ஆள் வர்ற அன்னைக்கு நீங்க லீவ் போட்டு வீட்டுல இருங்க, கூட உக்காந்து ஒரே மாதிரி தட்டுல சாப்பிடுங்க, பாத்திரம் தேய்க்கறது பொண்ணு துணிய மடிக்கறது எல்லாம் அவங்க வேலை இல்லன்னு வீட்டுல எல்லார்கிட்டயும் சொல்லிடுங்க. அதுக்கு முன்னாடி ஒரு வேலை இருக்கு. சொல்லாம போன அந்தப் பொண்ணு நம்பர் உங்ககிட்ட இருக்கும். ஏஜென்சி சொல்றதை விடுங்க, 11 நாள் உங்கம்மாவைத் தொட்டுப் பாத்திருக்கா, போன் பண்ணி எப்படி இருக்கேன்னு கேட்டுட்டு அந்தக் காசை இன்னைக்கே அனுப்பிடுங்க.