ஒரு நகரசபை இனத்தைப் பார்த்துப் பண உதவி தருவது நியாயமா?

அமெரிக்காவின் எவன்ஸ்டனை வைத்துச் சொல்கிறேன். நியாயம் என்றே நினைக்கிறேன். சட்டப்படி நிற்குமா என்பது வேறு சண்டை.

சிகாகோவை ஒட்டிய ஊர் அது. 1919 முதல் 1969 வரையிலான காலத்தில் அங்கே வாழ்ந்த கறுப்பினத்தவருக்கும் அவர்களின் நேரடி வாரிசுகளுக்கும், வீடு விஷயத்தில் நடந்த பாகுபாட்டுக்கு இழப்பீடாகத் தலைக்கு 25,000 டாலர். பணம் முதலில் வந்தது, அங்கே இப்போது சட்டப்படி நடக்கும் கஞ்சா விற்பனையின் வரியிலிருந்து. கஞ்சா வழக்குகளில் கறுப்பினத்தவரையே அதிகம் பிடித்து உள்ளே தள்ளிய ஊரில் இது பொருத்தமான வரிதான்!

1969 ஏன்? வீடு விற்பதிலும் வாடகைக்கு விடுவதிலும் பாகுபாட்டைத் தடுக்கும் வலுவான விதியை நகரம் கொண்டுவந்தது அந்த ஆண்டில்தான். அதற்கு முன்பு கறுப்பினக் குடும்பங்களை ஐந்தாவது வட்டாரத்துக்குள் ஒதுக்கி வைத்திருந்தார்கள். அந்தப் பகுதி வீடுகளுக்கு வங்கிக் கடன் கிடைப்பது அரிது.

2024இல் கறுப்பினத்தவர் அல்லாத ஆறு பேர் வழக்குப் போட்டார்கள். எங்கள் பெற்றோரும் தாத்தா பாட்டியும் அதே காலத்தில் அதே ஊரில்தான் இருந்தார்கள், எங்களைத் தடுப்பது இனம் மட்டுமே என்பது அவர்கள் வாதம். விண்ணப்பிக்கும் முதியவர் தனக்கு வீடு மறுக்கப்பட்டதை நிரூபிக்க வேண்டியதில்லை என்பதையும் சுட்டிக்காட்டுகிறார்கள். அன்று கதவைச் சாத்தியவர்கள் ஆள் ஆளாக விசாரித்தா சாத்தினார்கள்? நிறத்தைப் பார்த்து மொத்தமாகச் சாத்திவிட்டு, இன்று தனித்தனியாக அத்தாட்சி கேட்பது எனக்கு ஒப்பவில்லை.

நீதிமன்றம் என் ஒப்புதலைக் கேட்காது. ஒப்பந்தப் பணத்தில் 30 சதவீதத்தைச் சிறுபான்மையினர் நிறுவனங்களுக்கு ஒதுக்கிய, வர்ஜீனியா மாநிலத்தின் ரிச்மண்ட் நகரத் திட்டத்தை 1989இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. சமூகத்தில் பொதுவாகப் பாகுபாடு இருந்தது என்றால் போதாது, எங்கே யார் இழைத்தது என்று காட்ட வேண்டும் என்றது. எவன்ஸ்டன் இதை உணர்ந்து, தன் நகர நிர்வாகத்தின் பங்கை வரலாற்றறிக்கையாகவே எழுதி வைத்திருக்கிறது. (நம் இடஒதுக்கீட்டோடு ஒப்பிடாதீர்கள். சென்னை மாகாண வகுப்புவாரி அரசாணை செல்லாமல் போனதும் 1951இல் அரசியலமைப்பையே திருத்தி, பின்தங்கியோருக்குத் தனி ஏற்பாடு செய்ய இடம் தரும் பிரிவைச் சேர்த்தோம். அங்கே அப்படியொரு பிரிவு இல்லை.)

எனக்குப் பதில் தெரியாத எதிர்ப்பு வேறொன்று. 2021இல் 8–1 என்று திட்டம் நிறைவேறியபோது எதிர்த்து வாக்களித்த ஒரே உறுப்பினர் சிசிலி ஃபிளெமிங், கறுப்பினப் பெண். வீடு வாங்க, பழுது பார்க்க, கடன் அடைக்க மட்டும் என்று கட்டிப்போட்டால் அது வீட்டுவசதித் திட்டம். இழப்பீடு ஆகாது என்றார். 2023இல் ரொக்கமாகவும் வாங்கிக்கொள்ளலாம் என்று விதி மாறியது.