சுஃப்ரன்: ஒரே பெயர், எத்தனை கப்பல்?

1916-லேயே மூழ்கிய பிரெஞ்சுக் கப்பல் 'சுஃப்ரன்' பெயரில் இப்போது அணுசக்தி நீர்மூழ்கி ஓடுகிறதே, எப்படி?

இரண்டும் வேறு கப்பல்கள். மூழ்கியது 1899-ல் பிரான்சின் பிரெஸ்ட் துறைமுகத்தில் கடலில் இறக்கிய போர்க்கப்பல். முதல் உலகப் போரில், துருக்கியின் டார்டனெல்ஸ் நீரிணையில் நடந்த சண்டையில் அடி வாங்கியும் தப்பிய அது, 1916 நவம்பர் 26 அன்று லிஸ்பனுக்கு அப்பால் ஜெர்மன் நீர்மூழ்கி யு-52 விட்ட டார்பிடோ (நீருக்கடியில் பாயும் குண்டு) பட்டு வெடித்தது. 648 பேரில் ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. இன்றைய நீர்மூழ்கி 2019-ல் பிரான்சின் செர்பூர் துறைமுகத்தில் இறக்கப்பட்டது. பிரெஞ்சுக்காரர்கள் பெயருக்குப் பின்னால் எண் போடுவதில்லை. அதனால் எப்போதும் கடலில் இறக்கிய ஆண்டைப் பாருங்கள்.

யார் அந்த சுஃப்ரன்?

நம் கரைக்கு எதிரே சண்டை போட்ட பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி! 1782, 83-ல் ஆங்கிலேயத் தளபதி ஹியூஸோடு ஐந்து முறை மோதினார். முதல் சண்டை சதுரங்கப்பட்டினத்துக்கு அருகே. அடுத்தது இலங்கையின் கிழக்குக் கரையில், அப்புறம் நாகப்பட்டினம், திருகோணமலை. கடைசிச் சண்டை 1783 ஜூன் 20 அன்று கடலூருக்கு எதிரே நடந்தது. ஐரோப்பாவில் அதற்குள் சமாதானம் பேசி முடித்திருந்தார்கள். சேதி இங்கே வந்து சேரவில்லை. அன்று செத்தவர்களை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது.

ஒரே சமயத்தில் இரண்டு கப்பலுக்கு ஒரே பெயர் வைப்பார்களா?

மாட்டார்கள். 1927-ல் இறக்கிய க்ரூசர் (வேகப் போர்க்கப்பல்) 'சுஃப்ரன்', 1963-ல் 'ஓசியான்' என்று பெயர் மாற்றப்பட்டது. புதிய ஏவுகணைக் கப்பலுக்குப் பெயர் தேவைப்பட்டதுதான் காரணம். அந்தப் புதிய கப்பல் 1965-ல் கடலில் இறங்கியது. படத்தில் நடுவே பெரிய பந்து போல ரேடார் மூடி தெரிந்தால் அதுதான்.

ஆங்கிலேயக் கடற்படைத் தளபதி நெல்சனைச் சுட்டது எந்தக் கப்பலிலிருந்து?

1805-ல் ஸ்பெயின் கரைக்கு அப்பால் ட்ரஃபால்கர் கடற்சண்டையில், 'ரெதூத்தாப்ல்' என்ற பிரெஞ்சுக் கப்பலின் பாய்மரத்தின் மேலிருந்து. சரி, அந்தக் கப்பல் 1791-ல் பிறந்தபோது என்ன பெயர் தெரியுமா? 'சுஃப்ரன்'தான்! 1795-ல் மாற்றினார்கள். ட்ரஃபால்கர் முடிந்த மறுநாளே அது மூழ்கிப்போனது.

ரெதூத்தாப்ல் என்ற பெயரும் அதோடு முடிந்துவிடவில்லை. 1876-ல் எஃகை முதன்மையாக வைத்துக் கட்டிய ஒரு போர்க்கப்பலுக்கு வந்தது. பிறகு பிரான்சின் முதல் அணுஏவுகணை நீர்மூழ்கிக்கு. 1967-ல் இறக்கிய அந்த நீர்மூழ்கி இன்று செர்பூர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. உள்ளேயே நடந்து பார்க்கலாம்.