யூதர்கள் தங்கள் உடை வழக்கங்களையும் கதைகளையும் அடுத்த தலைமுறைக்கு எப்படிக் கடத்துகிறார்கள்? எல்லாம் வேதப் புத்தகம் வழியாகத்தானா?

புத்தகம் வழியாக என்பது பாதி உண்மைதான். அந்தப் பாதியைப் பற்றி ஏற்கெனவே நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். நான் துணி வியாபாரத்தில் இருப்பவன், எர்ணாகுளத்தில் சில காலம் வேலை பார்த்தவன். அதனால் மற்றப் பாதியைச் சொல்கிறேன்: துணி, பாட்டு, பெண்கள்.

முதலில் எல்லோருக்கும் தெரிந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பாஸ்கா பண்டிகை இரவில், எகிப்தில் அடிமையாக இருந்து விடுபட்ட கதையைப் பிள்ளைக்குச் சொல் என்பது யாத்திராகமத்திலேயே உள்ள கட்டளை. சாப்பாட்டு மேசையில் இருப்பவர்களில் வயதில் சிறியவர் "இந்த இரவு மட்டும் ஏன் வேறு மாதிரி?" என்று கேட்க வேண்டும், அதற்குப் பதிலாகத்தான் கதையே தொடங்குகிறது. புளிப்பில்லாத அப்பம், கசப்புக் கீரை எல்லாம் குழந்தையைக் கேள்வி கேட்க வைக்கும் தூண்டில்கள். உடையில் அதே வேலையைச் செய்பவை நான்கு முனைகளிலும் தொங்கும் நூல் குஞ்சங்கள். எண்ணாகமம் 15-ஆம் அதிகாரம் அவற்றை "பார்த்து, கட்டளைகளை நினைத்துக்கொள்வதற்காக" என்கிறது. ஜெபச் சால்வையின் முனைகளில் இன்றும் அவை தொங்குகின்றன.

எனக்கு அதைவிடப் பிடித்தது ஜெர்மானிய யூதர்களின் ஒரு வழக்கம். ஆண் குழந்தைக்கு விருத்தசேதனம் செய்யும்போது பயன்படுத்திய துணியைத் தூக்கி எறிய மாட்டார்கள். துவைத்து, நாலு பட்டைகளாகக் கிழித்து, நீளவாக்கில் ஒட்டித் தைத்தால் சுமார் மூன்று மீட்டர் நீளமுள்ள ஒரு நாடா கிடைக்கும். அதில் பிள்ளையின் பெயர், பிறந்த நாள், "தோராவுக்கும் (யூத வேதம்) மணப்பந்தலுக்கும் நற்செயலுக்கும் வளர்வானாக" என்ற வாழ்த்து ஆகியவற்றை எம்ப்ராய்டரி செய்வார்கள், அல்லது வண்ணத்தில் எழுதுவார்கள். பையன் நடக்கப் பழகி, முதன்முதலாக ஜெப ஆலயத்துக்கு வரும்போது அந்த நாடாவைக் கொண்டுவந்து கொடுப்பான். தோராச் சுருளைச் சுற்றிக் கட்டுவது அதை வைத்துத்தான். பிறகு பதின்மூன்று வயதில் அவன் தோரா வாசிக்க நிற்கும்போது, சுருளை அவிழ்த்தால் அவன் குழந்தைத் துணி! உதுமானியப் பேரரசில் இருந்த யூதப் பெண்களோ, சரிகை வேலை செய்த தங்கள் கல்யாண உடையையே ஆலயத்துக்குக் கொடுத்துவிடுவார்கள். அது வெட்டப்பட்டு, தோராச் சுருள்களை வைக்கும் பேழையின் திரைச்சீலையாகும். இதையெல்லாம் எந்த வேதமும் செய்யச் சொல்லவில்லை. நல்ல துணியைப் பெட்டியில் போட்டுப் பூட்ட மனசு வராத பெண்கள் செய்த வேலை என்றுதான் நான் நினைக்கிறேன்.

இனி நம் பக்கத்துக்கு வருவோம், கொச்சிக்கு. கி.பி. 1000 வாக்கில் சேர அரசர் பாஸ்கர ரவிவர்மன், ஜோசப் ரப்பான் என்ற யூத வணிகருக்குக் கொடுத்த செப்பேடு இருக்கிறது. எழுத்து வட்டெழுத்து, மொழி அன்றைய மலைநாட்டு மொழி, நம்மில் கல்வெட்டு வாசித்துப் பழகியவர்களுக்கு ஓரளவு புரியும். அதில் அவருக்குக் கிடைத்த 72 உரிமைகளில் சில: பகல்விளக்கு, நடந்துபோகும் வழியில் விரிக்கும் துணியான பாவாடை, பல்லக்கு, குடை, தோரணம். அந்தஸ்து என்றால் அந்தக் காலத்தில் கண்ணால் பார்க்கக்கூடியதாக இருக்க வேண்டும். இதெல்லாம் அவருடைய ஆண்மக்களுக்கும் பெண்மக்களுக்கும் மருமக்களுக்கும், உலகும் சந்திரனும் உள்ளவரை என்று முடிகிறது. ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய ஆவணத்தில் பெண்மக்களைத் தனியாகக் குறிப்பிட்டிருப்பதைக் கவனியுங்கள்.

அந்தப் பெண்மக்கள்தான் கதையைக் காப்பாற்றினார்கள். மரபான யூத வட்டங்கள் பலவற்றில், ஆண்கள் கேட்கும்படி பெண் பாடக்கூடாது. கேரளத்து யூதர்களிடம் இந்தத் தடை செல்லுபடியாகவில்லை; கல்யாணத்திலும் பண்டிகையிலும் ஆண்கள் இருக்கும்போதே பெண்கள் கூட்டமாகப் பாடினார்கள். எபிரேயப் பாட்டுகளும் உண்டு, ஆனால் பெரும்பங்கு மலையாளம். அவற்றை நோட்டுப் புத்தகங்களில் கையால் எழுதி வைத்துக்கொண்டார்கள். ஒருத்தியின் நோட்டைப் பார்த்து இன்னொருத்தி எழுதுவாள். அப்படிப் பெயர்த்து எழுதி எழுதி, சில வரிகள் யாருக்கும் அர்த்தம் தெரியாத அளவுக்குச் சிதைந்தும் போயின. அர்த்தம் போனாலும் பாட்டை விடவில்லை! நம் வீட்டுப் பாட்டிகளின் கும்மிப்பாட்டு போல என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

என்ன பாடினார்கள்? பைபிள் கதைகள், மணமகளை அலங்கரிக்கும் பாட்டுகள், கிளியை அழைத்துப் பேசும் பாட்டுகள். இவற்றோடு ஒவ்வொரு ஊர் யூதப்பள்ளிக்கும், அதாவது ஜெப ஆலயத்துக்கும், ஒரு வரலாற்றுப் பாட்டு உண்டு. எவராயி என்ற பெரியவர் எருசலேமிலிருந்து புறப்பட்டுப் பாலூருக்கு வந்து பள்ளி கட்டிய கதையை ஒரு பாட்டு சொல்கிறது. பரவூர், மாளை, சேந்தமங்கலம் என்று ஊர்ப்பெயர்கள் வருகின்றன. (சேந்தமங்கலத்தில் 1269-ஆம் ஆண்டைச் சேர்ந்த, சாரா என்ற பெண்ணின் எபிரேயக் கல்லறைக் கல் இருக்கிறது. அங்கே போனால் பார்க்காமல் வராதீர்கள்.)

உடை விஷயத்தில் கொச்சிக்காரர்கள் அக்கம்பக்கத்தாரோடு ஒட்டியே இருந்தார்கள். பெண்களுக்கு முண்டும் மேல்சட்டையும். கல்யாணத்தில் மணமகள் கழுத்தில் தாலி. ஜெப ஆலயத்துக்குள் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் நுழைவார்கள். இது மற்ற நாட்டு யூதர்களைத் திகைக்க வைக்கும் விஷயம். பண்டிகைக்குக் கட்டும் பகட்டான முண்டுகள் இங்கேயும் பேழையின் திரையாக மாறியிருக்கின்றன. உதுமானியப் பெண்களுக்குத் தோன்றியதே இவர்களுக்கும் தோன்றியிருக்கிறது, யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுக்காமல்.

இந்தச் சமூகத்தை அழகாக மட்டும் சொல்லிவிட்டுப் போனால் அது பொய்யாகிவிடும். மட்டாஞ்சேரியில் 1568-இல் கட்டிய பரதேசி (வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள்) ஜெப ஆலயத்தைச் சேர்ந்தவர்கள், தங்களுக்கு முன்பே கேரளத்தில் இருந்த மலபார் யூதர்களோடு பெண் கொடுத்துப் பெண் எடுக்கவில்லை. அடிமைகளாக இருந்து விடுதலையானவர்களின் வாரிசுகளுக்கு உள்ளே சம இடம் கொடுக்கவில்லை. அந்த வாரிசுகளில் ஒருவரான வழக்கறிஞர் ஏ.பி. சேலம் காந்திய வழியில் போராடியே உரிமை பெற வேண்டியிருந்தது. 'யூத காந்தி' என்ற பெயர் அவருக்கு வந்தது அப்படித்தான். ஆனால் நோட்டுப் புத்தகங்களை எடுத்துப் பார்த்தால், இரு தரப்புப் பெண்களும் பெரும்பாலும் அதே பாட்டுகளைத்தான் எழுதி வைத்திருக்கிறார்கள். சுவர் கட்டியவர்களுக்குப் பாட்டு எந்த வழியாகப் போனது என்று தெரிந்திருக்காது.

1950-களில் பெரும்பாலோர் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். தெற்கு இஸ்ரேலில் பேர்ஷெபா நகரத்தின் பக்கத்தில் நெவாத்தீம் என்ற கிராமத்தில் 1954-இல் கொச்சிக்காரர்கள் குடியேறினார்கள். இப்போது அங்கே அவர்களுடைய பாரம்பரிய அருங்காட்சியகம் உண்டு. பிள்ளைகள் எபிரேயத்தில் வளர்ந்ததால் மலையாளப் பாட்டு தடைப்பட்டது. 1970-களில் பி.எம். ஜுஸ்ஸே, பார்பரா ஜான்சன் போன்ற ஆய்வாளர்கள் நோட்டுகளைத் தேடித் தேடிச் சேர்க்கத் தொடங்கினார்கள். மூத்த தலைமுறையில் ரூபி டேனியல் தன் நினைவுகளையும் பாட்டி சொன்ன கதைகளையும் ஆங்கிலத்தில் எழுதினார், பாட்டுகளையும் மொழிபெயர்த்தார்.

மட்டாஞ்சேரி யூதத் தெருவில் சாரா கோஹன் என்ற அம்மையாரின் பூவேலைக் கடை இருந்தது. யூத ஆண்கள் தலையில் வைக்கும் சிறு தொப்பி, சபாத் எனும் வாராந்தர ஓய்வுநாளின் ரொட்டியை மூடும் துணி, இவற்றுக்கெல்லாம் அவரே பூவேலை செய்வார். ஜன்னலோரம் உட்கார்ந்து தைத்துக்கொண்டிருப்பதை நானும் பார்த்திருக்கிறேன். தையலின் பின்பக்கம் முன்பக்கத்தைப் போலவே சுத்தமாக இருக்கும். தொழில் தெரிந்தவர்களுக்கு அது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். 2019-இல், 96 வயதில் காலமானார். கடைசிக் காலம்வரை அவரையும் கடையையும் பார்த்துக்கொண்டவர் தாஹா இப்ராஹிம் என்ற இஸ்லாமியர், சிறுவயது முதல் அந்த வீட்டோடு பழகியவர். அந்த இடத்தைக் காப்பாற்றி வைத்திருப்பதும் அவர்தான். ஆகவே, "அடுத்த தலைமுறை" என்றால் பெற்ற பிள்ளை என்று மட்டும் எண்ண வேண்டாம்.

பாட்டைக் கேட்க வேண்டுமா? எருசலேம் எபிரேயப் பல்கலைக்கழகத்தின் யூத இசை ஆய்வு மையம் கேரள யூதப் பெண்களின் பாட்டுகளை 2004-இல் குறுந்தகடாக வெளியிட்டது. வாசிக்க வேண்டுமென்றால் ஸ்கறியா சக்கரியாவும் ஓஃபிரா கம்லியேலும் தொகுத்த 'கார்குழலி' இருக்கிறது, மலையாளமும் எபிரேயமும் சேர்ந்த பதிப்பு. மலையாள எழுத்து தெரிந்த நண்பர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு சத்தமாக வாசிக்கச் சொல்லுங்கள். பல வரிகளுக்கு உங்களுக்கு மொழிபெயர்ப்பே தேவைப்படாது.