வீட்டுக் கடன்: தவணைக்குப் பின்னால் உள்ள கணக்கு

வங்கியின் கடன் பிரிவில் இருபது ஆண்டுக்கு மேல் உட்கார்ந்திருந்தவன் நான். கையெழுத்துப் போட வந்தவர்களில் அநேகமாக எல்லோரும் ‘மாசம் எவ்வளவு சார் வரும்?’ என்று கேட்டார்கள். ‘கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன்?’ என்று கேட்டவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். இந்த முறை வந்த கடிதங்களில் அந்த இரண்டாவது கேள்வி பல வடிவங்களில் வந்திருக்கிறது. அதில் எனக்கு மிகுந்த சந்தோஷம்.

வேறு விதமாகச் சொல்லாத இடங்களில் எல்லாக் கணக்குக்கும் ஒரே கடனை வைத்துக்கொள்கிறேன்: 50 லட்சம் ரூபாய், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 43,391 ரூபாய்.

கோவையிலிருந்து ஒரு வாசகர்: ஐந்து வருஷமாக ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டுகிறேன். உங்கள் கணக்கில் உள்ள அதே மாதிரிக் கடன்தான். 26 லட்சம் கட்டியாகிவிட்டது. அசல் 6 லட்சம்கூடக் குறையவில்லை. வங்கி ஏமாற்றுகிறதா?

ஏமாற்றவில்லை. ஆனால் கையெழுத்துப் போட்ட அன்றே இதை யாராவது உங்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும்.

ஒவ்வொரு மாதமும் அன்றைக்குப் பாக்கி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி. முதல் மாதம் பாக்கி முழு 50 லட்சம். அதற்கு ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். நீங்கள் கட்டிய 43,391-ல் அது போக மிச்சம் 7,974 ரூபாய்தான் அசலில் கழிந்தது. அடுத்த மாதம் பாக்கி கொஞ்சம் குறைவு, வட்டியும் கொஞ்சம் குறைவு, அசலில் கழிவது கொஞ்சம் கூடுதல். இப்படி எறும்பு ஊர்வதுபோல் நகரும். ஐந்தாம் ஆண்டு முடிவில் பாக்கி சுமார் 44 லட்சம். பத்தாம் ஆண்டு முடிவில், அதாவது காலத்தில் சரிபாதி கடந்த பிறகும், பாக்கி 35 லட்சம். வாங்கிய கடனில் பாதி அடைய கிட்டத்தட்ட 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது.

இதைத் தெரிந்துகொள்வதால் ஒரு பெரிய பலன் உண்டு. கடனின் ஆரம்ப வருடங்களில் நீங்கள் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ஆயிரமும் நேராக அசலில் போய் விழுகிறது. அந்த ஆயிரத்துக்கு மிச்சமிருக்கும் காலம் முழுவதற்கும் வட்டி கிடையாது. உங்களுக்கு இன்னும் பதினைந்து வருடம் இருக்கிறது. நேரம் கடந்துவிடவில்லை.

ஓசூர் வாசகி: ஃபிளாட் விற்பவர் 30 வருடக் கடன் எடுக்கச் சொல்கிறார். தவணை ஐயாயிரம் குறைகிறதாம். எடுக்கலாமா?

அவர் சொன்னது உண்மை. 30 ஆண்டுக்குத் தவணை 38,446 ரூபாய். மாதம் 4,945 ரூபாய் குறைவு. அவர் சொல்லாதது வட்டியின் மொத்தம். 20 ஆண்டில் கட்டும் வட்டி 54 லட்சம். 30 ஆண்டில் அது 88 லட்சத்தைத் தாண்டும். கையில் மாதம் ஐயாயிரம் நிற்பதற்கு 34 லட்சம் விலை. எதிர்ப்பக்கமும் பாருங்கள். 15 ஆண்டு என்றால் தவணை 49,237, மொத்த வட்டி 38.6 லட்சம்.

சம்பளத்துக்கு 43,391 தாங்காது என்றால் 30 ஆண்டு எடுப்பது தப்பில்லை. மூச்சுமுட்டும் தவணையை ஏற்றுக்கொண்டு, ஆஸ்பத்திரிச் செலவு வந்ததும் கிரெடிட் கார்டைத் தேய்ப்பது அதைவிடக் கெடுதல். ஆனால் 30 ஆண்டு எடுத்தால் சம்பளம் உயரும்போதெல்லாம் தவணையையும் உயர்த்துவேன் என்ற உறுதியோடு எடுங்கள். தாங்கும் என்றால் 20-ஐத் தாண்ட வேண்டாம்.

சென்னை, தாம்பரம் வாசகர்: 2021 தொடக்கத்தில் 40 லட்சம், 6.8 சதவீதம், 20 ஆண்டு. தவணை 30,533. நடுவில் வட்டி ஏறியபோதும் தவணை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்தேன். போன மாதம் பார்த்தால் கடன் முடியும் வருடம் எங்கோ போய் நிற்கிறது. எப்படி?

இந்தக் கடிதத்துக்காகத்தான் இந்த முறை எழுதவே உட்கார்ந்தேன். தவணை மாறாததுதான் உங்களுக்கு நேர்ந்த கேடு.

2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்படுகின்றன. பெரும்பாலும் அது ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்குத் தரும் குறுகிய காலக் கடனுக்கு ரிசர்வ் வங்கி வாங்கும் வட்டி. 2022 மே தொடக்கம் வரை ரெப்போ 4 சதவீதம். அங்கிருந்து ஏறி 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. முழுதாக இரண்டரை சதவீதம். உங்கள் 6.8 அப்படியே 9.3 ஆகியிருக்கும்.

படிப்படியாக ஏறியதை எளிமைக்காக ஒரே நாளில் ஏறியதாக வைத்துக்கொள்வோம். இரண்டு ஆண்டு கட்டிய பிறகு உங்கள் பாக்கி சுமார் 37.98 லட்சம். 9.3 சதவீதத்தில் ஒரு மாத வட்டியே 29,437 ரூபாய். நீங்கள் கட்டுவது 30,533. அசலில் கழிவது ஆயிரத்துச் சொச்சம். இந்த வேகத்தில் போனால், மிச்சமிருந்த 216 தவணை சுமார் 431 தவணையாகிவிடும். 18 ஆண்டு, 36 ஆண்டாகும்! அதே நாளில் தவணையை 36,284 ஆக்கியிருந்தால் பழைய தேதியிலேயே கடன் முடிந்திருக்கும். வட்டி அங்கேயே நின்றிருந்தால், முதல் வழியில் அதன் பிறகு நீங்கள் கட்டும் தொகை சுமார் 1.32 கோடி. இரண்டாம் வழியில் 78 லட்சம். மாதம் 5,751 ரூபாய் ஏறாமல் விட்டதன் விலை ஐம்பது லட்சத்துக்கு மேல்.

பல வங்கிகள் வட்டி ஏறியதும் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிடும். வாடிக்கையாளர் கோபப்பட மாட்டார், காசோலை திரும்பாது, யாருக்கும் தொந்தரவில்லை. நான் வேலை பார்த்த இடத்திலும் இதுதான் வழக்கமாக இருந்தது. எத்தனையோ பேருக்கு நானே அப்படி நீட்டிய கடிதம் அனுப்பியிருக்கிறேன். அவர்களைக் கூப்பிட்டு உட்காரவைத்து இந்தக் கணக்கைச் சொல்லியிருக்கலாமே என்ற வருத்தம் எனக்கு இன்றும் உண்டு.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்பதைக் கடன் வாங்கியவர் தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும். எந்த நிலையிலும் தவணை வட்டிக்கே போதாமல் அசல் ஏறிக்கொண்டு போகக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை வசூலான அசல், வட்டி, மிச்சமுள்ள தவணை எண்ணிக்கை, வட்டி விகிதம் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை தர வேண்டும்.

2025 பிப்ரவரி முதல் டிசம்பர் வரை ரெப்போ 6.5-லிருந்து 5.25-க்கு இறங்கியது. உங்கள் கடனில் அந்த ஒன்றேகால் சதவீதமும் இறங்கியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பிறகு கிளைக்குப் போய், 2041-ல் கடன் முடிய இன்று என்ன தவணை கட்ட வேண்டும் என்று கேட்டு, அந்தத் தொகைக்கு மாற்றச் சொல்லி எழுதிக் கொடுங்கள். பழைய எம்.சி.எல்.ஆர். கடன் (வங்கி தன் நிதிச் செலவை வைத்துத் தானே நிர்ணயிக்கும் விகிதத்தோடு இணைந்த கடன்) வைத்திருப்பவர்களும் வீட்டுவசதி நிதி நிறுவனங்களில் கடன் வாங்கியவர்களும் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். ரெப்போ இறங்கினால் அவர்களுக்குத் தானாக இறங்கும் என்று சொல்ல முடியாது. ‘இன்று புதிதாக வருபவருக்கு என்ன வட்டி?’ என்று கேளுங்கள். உங்களுடையது அரை சதவீதம் கூடுதலாக இருந்தாலே, கட்டணம் செலுத்தி மாற்றிக்கொள்வது பெரும்பாலும் லாபம்.

மதுரை, பள்ளி ஆசிரியை: கடன் எடுத்து மூன்று வருடம் ஆகிறது. கையில் 5 லட்சம் வந்திருக்கிறது. கடனில் கட்டினால் தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா என்று கேட்கிறார்கள்.

காலத்தைக் குறையுங்கள், அம்மா. தவணையை அப்படியே விட்டால் 42 மாதம், அதாவது மூன்றரை வருடம் முன்னதாகக் கடன் முடியும். மிச்சமாகும் வட்டி சுமார் 13 லட்சம். தவணையைக் குறைத்தால் மாதம் 4,640 ரூபாய் கையில் நிற்கும். ஆனால் மிச்சமாகும் வட்டி நாலரை லட்சம்தான். அதே 5 லட்சத்தைப் பத்து ஆண்டு கழித்து, பதின்மூன்றாம் ஆண்டு முடிவில் கட்டினால் காலத்தைக் குறைத்தாலும் மூன்றரை லட்சம் போலத்தான் மிச்சம்.

மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி அடைக்கத் தனிநபரிடம் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதல் உள்ள விதி. தயங்காமல் கட்டலாம். ஆறு மாதச் செலவுக்கு வேண்டிய பணத்தை மட்டும் முதலில் ஒதுக்கிவையுங்கள். கடனில் போட்ட பணம் அவசரத்துக்குத் திரும்ப வராது.

சென்னை, அண்ணா நகர் வாசகர்: இருபது வருடம் கழித்துக் கட்டும் 43,000-க்கு இன்றைய மதிப்பு ஏது? விலைவாசி ஏற ஏறக் கடன் கரைகிறது. மொத்த வட்டியைக் கூட்டிக் காட்டிப் பயமுறுத்துவது நியாயமா?

நியாயமான ஆட்சேபம். ரூபாயின் மதிப்பு ஆண்டுக்கு 5 சதவீதம் தேய்கிறது என்று வைத்துக்கொண்டால், கடைசித் தவணையாகக் கட்டும் 43,391 இன்றைய கணக்கில் சுமார் 16,000 ரூபாய்தான். சம்பளமும் ஏறியிருக்கும். 54 லட்சம் வட்டி என்பதை இன்றைய 54 லட்சமாக நினைத்து யாரும் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லை. வாடகை வீட்டில் இருந்தால் அந்த இருபது வருடமும் வாடகை ஏறிக்கொண்டே போயிருக்கும் என்பதும் உண்மை.

ஆனால் ரூபாய் தேய்கிறது என்பதே காலத்தை நீட்டக் காரணமாகிவிடாது. வட்டி 8.5, விலைவாசி 5 என்றால் மிச்சம் மூன்றரை சதவீதத்தை ஒவ்வொரு வருடமும் நிஜமாகவே இழக்கிறீர்கள். ‘அந்தப் பணத்தைப் பங்குச் சந்தையில் போட்டால் 12 சதவீதம் வருமே’ என்று சொல்பவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். மாதாமாதம் தவறாமல் உண்மையிலேயே போடுகிறவருக்கு அந்த வாதம் பொருந்தும். போடாதவருக்கு அந்தப் பணம் செலவாகிப் போகும், கடன் மட்டும் நிற்கும். கடனை அடைப்பதில் கிடைக்கும் 8.5 சதவீதம் உறுதியானது, அதற்கு வரியும் கிடையாது. எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்று நினைப்பவர்களின் பக்கம்தான் நானும். அந்த வளை ஓய்வுபெறும் வயதுக்குள் கடனில்லாத வளையாக இருக்க வேண்டும் என்பதுதான் என் கவலை.

சேலம் வாசகர்: கடனோடு ஒரு காப்பீடும் எடுத்தால்தான் சீக்கிரம் சாங்ஷன் ஆகும் என்று 1.5 லட்சம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள்.

அந்த 1.5 லட்சத்துக்கும் இருபது வருடம் வட்டி ஓடுகிறது. முடியும்போது 3.12 லட்சம் கட்டியிருப்பீர்கள். பாதுகாப்பு அவசியம், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. குடும்பத் தலைவர் போய்விட்டு, கடன் மட்டும் மிஞ்சிய வீடுகளைப் பார்த்திருக்கிறேன். ஆனால் ஆயுள் பாதுகாப்புக்கு மட்டுமான ஒரு டேர்ம் பாலிசியைத் தனியாக எடுப்பதே பெரும்பாலும் மலிவு. கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும். பாலிசியைத் திருப்பித் தரும் அவகாசம் முடியவில்லை என்றால் இன்றே எழுதிக் கொடுங்கள்.

திருப்பூர் வாசகர்: வரிச் சலுகை போய்விடும் என்பதால் கடனை முன்கூட்டி அடைக்க வேண்டாம் என்கிறார் ஆடிட்டர் நண்பர்.

குடியிருக்கும் வீட்டுக்கு வட்டிக் கழிவு பழைய வரிமுறையில்தான், அதுவும் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான். நம் கணக்கில் முதல் வருட வட்டியே 4.21 லட்சம். புதிய முறைக்குப் போனவருக்கு அதுவும் இல்லை. 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கே 100 ரூபாய் வட்டி கட்டினால், செஸ்ஸும் சேர்த்து 31 ரூபாய் வரி மிச்சம். 69 ரூபாய் போனது போனதுதான்.

திருச்சி வாசகி: 60 லட்சம் ரூபாய் வீடு. 80 சதவீதம் கடன் கிடைக்கும். 12 லட்சம் கையில் இருக்கிறது. போதுமா?

போதாது. பத்திரச் செலவை வங்கி வீட்டின் மதிப்பில் சேர்க்காது. கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம் என்றால் அதுவே 5.4 லட்சம். வங்கியின் செயலாக்கக் கட்டணம், வக்கீல் கட்டணம், வங்கிக்குப் பத்திரம் ஒப்படைக்கும் எம்.ஓ.டி. பதிவு ஆகியவை தனி. கட்டி முடிக்காத ஃபிளாட் என்றால் ஜி.எஸ்.டி. வேறு. 20 லட்சமாவது சேரும்வரை அட்வான்ஸ் கொடுக்காதீர்கள். குறையும் பணத்துக்குத் தனிநபர் கடனோ நகைக்கடனோ வாங்கினால் முதல் இரண்டு வருடம் திணறிப்போவீர்கள்.

விழுப்புரம் வாசகர்: ஒரு ஃபைனான்ஸில் 7 சதவீதம் ‘ஃபிளாட்’ வட்டி என்கிறார்கள். வங்கி 8.5 கேட்கிறது.

வங்கியிலேயே வாங்குங்கள். ஃபிளாட் என்றால் அசல் குறையக் குறைய வட்டி குறையாது. 10 லட்சத்துக்குப் பத்து வருடம் 7 சதவீதம் ஃபிளாட் என்பது வங்கிக் கணக்கில் 11.7 சதவீதத்துக்குச் சமம். 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு எல்லாச் செலவையும் சேர்த்த ஆண்டு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவரத் தாள் ஒன்றைத் தர வேண்டும் என்பது விதி. அதை வாங்கி, அந்த ஒரு எண்ணை மட்டும் ஒப்பிடுங்கள்.

தஞ்சாவூர், ஓய்வுபெற்ற ஊழியர்: கடைசித் தவணையும் கட்டிவிட்டேன். இனி வேலை ஏதும் உண்டா?

வாழ்த்துகள், ஐயா. உண்டு. கடன் முழுதும் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ள விதி இது. கடன் வாங்கியபோது பத்திரங்களைப் பட்டியல் போட்டு ஒரு தாள் தந்திருப்பார்கள். தாய்ப்பத்திரம் உட்பட எல்லாம் வந்ததா என்று அதை வைத்துச் சரிபாருங்கள். பாக்கி இல்லை என்ற கடிதத்தையும் வாங்குங்கள். பிறகு வங்கி அலுவலரோடு சார்பதிவாளர் அலுவலகம் போய் எம்.ஓ.டி.யை ரத்து செய்து ரசீது பதியுங்கள். பலர் இதை விட்டுவிடுகிறார்கள். பிள்ளைகள் விற்கவோ அடமானம் வைக்கவோ போகும்போது வில்லங்கச் சான்றில் பழைய கடன் அப்படியே நிற்கும். ரத்துப் பதிவான பத்து நாள் கழித்து ஒரு புதிய வில்லங்கம் போட்டுப் பார்த்து, அதையும் பத்திரத்தோடு சேர்த்து வைத்துவிடுங்கள்.