‘யானைக் கடக்கும் பாதை’: அந்த ‘க்’ என்ற ஒற்றை எடுத்துவிடுங்கள்

வணக்கம். கோத்தகிரியில் உங்கள் விடுதி வாசலில் வைக்கவிருக்கும் பலகைக்கு ‘யானைக் கடக்கும் பாதை, குரங்குகளுக்கு தீனி போடாதீர்கள்’ என்று எழுதிக் காட்டி, ஐகாரத்தில் முடியும் சொல்லுக்குப் பின் வல்லினம் வந்தால் ஒற்று மிகும் என்ற விதி சரிதானா என்று கேட்டிருக்கிறீர்கள்.

அது பாதிதான் உண்மை. ‘யானைக் கூட்டம்’, ‘தேயிலைத் தோட்டம்’ ஆகியவற்றில் இரண்டு பெயர்கள் இணைந்து ஒரே பொருளைக் குறிப்பதால் ஒற்று மிகுகிறது; ‘யானை கடக்கும்’ என்பதிலோ யானை எழுவாய், கடப்பது அதன் செயல், ஆகவே மிகாது. ‘தேயிலை பறிக்கிறார்கள்’ என்பதில் ஐ உருபு மறைந்திருப்பதால் மிகாது. அதே உருபை வெளியே கொண்டுவந்து ‘தேயிலையைப் பறிக்கிறார்கள்’ என்று எழுதினால் மிகும். கடைசி எழுத்தை மட்டும் பார்க்காமல், அடுத்த சொல்லோடு அதற்குள்ள உறவைப் பாருங்கள். இலக்கணத்தின் உயிரே அந்த உறவில்தான் இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

குரங்கு வரியில் ஒற்று விடுபட்டிருக்கிறது. வெளிப்படையான கு உருபுக்குப் பின் மிகும் என்பது நம்பிக் கைக்கொள்ளக்கூடிய விதி. ‘குரங்குகளுக்குத் தீனி’ என்று திருத்துங்கள்.

எழுத்தின் அளவையும் கேட்டிருந்தீர்கள். 10 அடித் தொலைவுக்கு 1 அங்குல உயரம் என்பது பலகை எழுதுவோர் கணக்கு. வளைவிலிருந்து உங்கள் பலகைக்கு 40 அடி என்றால் 4 அங்குலம் போதும். ஆனால் உங்கள் ஊரில் மூடுபனி இறங்கினால் எதிரே வருபவர் முகமே தெரியாது என்பதால், 6 அங்குலமாகவே எழுதச் சொல்லுங்கள்.