மன்றத் தலைவருக்குச் சமய நிபந்தனை வைக்கலாமா?

கேள்வி: அமெரிக்காவில் ஓர் அரசுப் பல்கலைக்கழகத்தில் சமய மாணவர் மன்றம் நடத்துகிறோம். நிர்வாகிகள் எங்கள் சமய நம்பிக்கை உடையவராக இருக்க வேண்டும் என்ற விதியை நீக்காவிட்டால் பதிவை ரத்து செய்வதாக மாணவர் அலுவலகம் சொல்கிறது. நீக்கத்தான் வேண்டுமா?

பதில்: அவசரப்பட்டு நீக்காதீர்கள். அலுவலகம் எந்தக் கொள்கையின் எந்தப் பிரிவைக் காட்டுகிறது என்று முதலில் மின்னஞ்சலில் கேளுங்கள். வாய்ப்பேச்சு பின்னால் எதற்கும் உதவாது.

அந்தக் கொள்கை இரண்டில் ஒன்றாக இருக்கும். எந்த மன்றமும் எந்த மாணவரையும் உறுப்பினராகவோ நிர்வாகியாகவோ ஆவதிலிருந்து தடுக்கக் கூடாது என்பது ஒன்று. ஹேஸ்டிங்ஸ் சட்டக் கல்லூரியின் இத்தகைய கொள்கையை 2010-ல் உச்ச நீதிமன்றம் 5-4 என்ற கணக்கில் ஏற்றது. எல்லா மன்றங்களுக்கும் ஒரே மாதிரி பொருந்துகிறது என்பதே அதற்கு அடிப்படை. நடைமுறையில் இது அரிது. ஓர் அரசியல் மன்றம் தன் கொள்கையை ஏற்பவரே தலைவராகலாம் என்று விதி வைத்திருந்தாலே, எல்லாருக்கும் ஒரே மாதிரி என்ற வாதம் அடிபட்டுப்போகும்.

மதம், இனம், பாலினம் என்று பட்டியலிட்டுப் பாகுபாட்டைத் தடுப்பது மற்றொன்று. இதில்தான் பல்கலைக்கழகங்கள் சறுக்குகின்றன. அயோவா பல்கலைக்கழகம் ஒரு கிறிஸ்தவ மன்றத்தின் பதிவை நீக்கிவிட்டு, தன்பாலின உறவை ஏற்கும் நம்பிக்கை அறிக்கையை நிர்வாகிகளிடம் கேட்ட வேறொரு மன்றத்தை விட்டுவைத்தது. பெண்களுக்கு மட்டுமான அமைப்புகளுக்கும் விலக்கு இருந்தது. அந்தப் பாரபட்சத்தால்தான் 2021-ல் எட்டாவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் அது தோற்றது. அதிகாரிகள் சொந்தப் பொறுப்பிலிருந்தும் தப்பவில்லை.

எனவே உங்களுக்கு வேண்டிய சான்று மற்ற மன்றங்களின் விதிமுறைகளில் இருக்கிறது. பெரும்பாலும் அவை பல்கலைக்கழக இணையதளத்திலேயே கிடைக்கும். கிடைக்காதவற்றுக்கு மாநிலத் தகவல் உரிமைச் சட்டப்படி விண்ணப்பியுங்கள். பாலினம், அரசியல் கொள்கை, இனம் என்று நிபந்தனை வைத்திருக்கும் மன்றங்களைப் பதிவுத் தேதியுடன் அட்டவணையாக்கிப் பதிலோடு இணையுங்கள்.

உங்கள் விதியையும் கொஞ்சம் செப்பனிடுங்கள். "உறுப்பினர் சேர்க்கை எல்லா மாணவருக்கும் திறந்தது" என்று தனி வரி எழுதுங்கள். நம்பிக்கை நிபந்தனை, வழிபாட்டையும் போதனையையும் நடத்தும் பொறுப்பாளர்களோடு நிற்கட்டும். பொருளாளருக்கு அது எதற்கு என்று கேட்டால் பதில் சொல்வது சிரமம். பிறப்பு, சாதி, குலம் சார்ந்த சொல் எதுவும் வேண்டாம். அது நம்பிக்கை நிபந்தனை ஆகாது, வழக்கே கெடும்.

தனியார் பல்கலைக்கழகத்தில் படிப்பவர்களுக்கு இந்த வாதம் உதவாது. இதற்கு அடிப்படையான, பேச்சுரிமையையும் சமய உரிமையையும் காக்கும் அமெரிக்க அரசியலமைப்பின் முதல் சட்டத்திருத்தம் அரசைத்தான் கட்டுப்படுத்தும். அங்கே மாணவர் கையேட்டின் வாக்குறுதிகளைத்தான் பிடித்துக்கொள்ள வேண்டும்.

கெடு தேதிக்குள் பதில் போய்ச்சேரட்டும். பதிவு ரத்தானால், அறை முன்பதிவும் மாணவர் கட்டண நிதியும் நின்றுவிடலாம்.